கஸ்பார் மூழ்கடித்த லாஞ்சு

யாங்கோனில் டாக்சி பிடித்தால் பின் சீட்டில் உட்காருங்கள். நான் பழக்கதோஷத்தில் முன்னால் ஏறிவிட்டேன். அங்கே வண்டிகள் சாலையின் வலப்பக்கம் போகின்றன. ஸ்டீயரிங்கும் வலப்பக்கமே இருக்கிறது. எல்லாம் ஜப்பானில் ஓடிக் களைத்து வந்த கார்கள். முன்னால் போகும் பஸ்ஸை முந்த வேண்டுமானால் எதிரே வருவது டிரைவருக்குத் தெரியாது, பக்கத்தில் இருக்கிறவனுக்குத்தான் தெரியும். ஆகவே விமான நிலையத்திலிருந்து வீடு வரைக்கும் என் டிரைவர் என்னைப் பார்த்துப் பார்த்துப் புருவத்தை உயர்த்தினார். போகலாமா என்று அர்த்தம். நான் கையை அசைத்தால் பாய்ந்தார், அசைக்காவிட்டால் வெற்றிலையை மென்றுகொண்டு காத்திருந்தார். டிராபிக்கில் மட்டும் போட்டுவிடாதீர்கள் என்று சர்வீஸ் முழுக்கக் கெஞ்சித் தப்பித்தவன் நான். ரிட்டையரான பிறகு கடல் தாண்டி வந்து அந்த டியூட்டியையும் பார்த்தாயிற்று.

என் பெயர் இன்னாசி. தூத்துக்குடிக்காரன். மரைன் போலீசில் சப்-இன்ஸ்பெக்டராக இருந்து ஓய்வு பெற்றவன். யாங்கோனுக்குப் போனது ஒரு குழந்தையின் ஞானஸ்நானத்துக்கு. என் அம்மாவின் பெரியப்பா கஸ்பார், வெள்ளைக்காரன் காலத்தில் ரங்கூனுக்குக் கப்பலேறிப் போனவர். போனவர் போனவர்தான். அவருடைய மகன் அந்தோணி மாமா இன்று எண்பத்தைந்தைத் தாண்டி யாங்கோனின் லான்மடா பேட்டையில் இருக்கிறார். மாமாவுக்கு ஒரே மகள், அவள் சிங்கப்பூரில் வேலை பார்க்கிறாள். அவளுக்கும் ஒரே மகள், மேரி. அந்த மேரிக்கு இப்போது ஒரு பையன் பிறந்திருக்கிறான். கஸ்பாருக்கும் மாமாவுக்கும் பிறகு அந்த வீட்டில் பிறந்த முதல் ஆண் பிள்ளை. பிள்ளையைக் கையில் ஏந்தி நிற்கும் ஞானத்தகப்பன் தூத்துக்குடியிலிருந்துதான் வர வேண்டும் என்று மாமா ஒற்றைக்காலில் நின்றார். போனில் அவர் குரலைக் கேட்ட பிறகு மறுக்க மனம் வரவில்லை.

லான்மடாவில் வீடு நாலாவது மாடி. லிஃப்ட் கிடையாது. படிக்கட்டு ஏணியைவிடக் கொஞ்சம்தான் சாய்வு. ஒவ்வொரு மாடி பால்கனியிலிருந்தும் தெரு வரைக்கும் ஒரு கயிறு தொங்குகிறது, நுனியில் ஒரு கிளிப். கீழே நின்று பேப்பர்காரர் கயிற்றை ஆட்டினால் மேலே மணி அடிக்கும். பேப்பரைக் கிளிப்பில் மாட்டிவிட்டால் மேலே இழுத்துக்கொள்வார்கள். என் பெட்டியையும் அப்படி இழுக்க முடியுமா என்று ஏக்கமாகப் பார்த்தேன். மேரியின் கணவர் கோ வின் பெட்டியைத் தோளில் தூக்கிக்கொண்டு ஏறிவிட்டார். கரேன் இனத்துக் கிறிஸ்தவர், கப்பல் சரக்கு ஆபீசில் வேலை. தமிழ் தெரியாது. எனக்குப் பர்மியம் தெரியாது. இரண்டு பேரும் அரைகுறை இங்கிலீஷில் நன்றாகவே பழகிவிட்டோம். அவர் என்னை ஊலே என்று கூப்பிட்டார். சித்தப்பா, மாமா எல்லாவற்றுக்கும் அந்த ஒரு சொல்தான்.

மேலே போனால் பாதித் தெரு அங்கே உட்கார்ந்திருக்கிறது. மாமா என் மணிக்கட்டைப் பிடித்து எல்லோருக்கும் அறிமுகப்படுத்தினார். அவருடைய தமிழ் என் சின்ன வயதில் எங்கள் ஊர்க் கிழவர்கள் பேசிய தமிழ், நடுநடுவே பர்மியச் சொற்கள் உப்பு போட்ட மாதிரி. பக்கத்துத் தெருவில் பிரியாணிக் கடை வைத்திருக்கும் காஜா பாயிடம், "இவரு என் தங்கச்சி மவன். போலீசு. நல்ல போலீசு. கை சுத்தம்," என்றார். பள்ளிக்கூடத்தில் எழுத்தராக இருந்த அருளம்மாளிடமும் அதே. கை சுத்தம் என்று ஒருமுறை சொன்னால் பெருமை, பத்துப் பேரிடம் சொன்னால் என்னமோ இருக்கிறது. அது என்ன என்று அன்று சாயங்காலமே மேரி சொன்னாள்.

மின்சாரம் போயிருந்தது. அங்கே மின்சாரம் வருகிற நேரத்தை வைத்துத்தான் சமையல், குளியல், போன் சார்ஜ் எல்லாம். மேரி காஸ் அடுப்பில் தோசை வார்த்தாள். தோசையை அங்கே தோஷே என்கிறார்கள். உள்ளே அவித்த பட்டாணியும் முட்டைக்கோசும் வைத்துச் சுருட்டுகிறார்கள். நாலு தின்றேன். மேரிக்குத் தமிழ் நன்றாகப் புரியும், பேசும்போதுதான் தடுக்கும்.

"பெரியப்பா, தாத்தாட்ட சொல்லுங்க. பாப்பாவுக்கு கஸ்பார் பேரு வைக்கணும். எங்களுக்கு அந்தப் பேருதான் ஆசை. தாத்தா மாட்டேங்குறாரு."

எங்கள் கடற்கரை வழக்கம் அதுதான். பாட்டன் பெயர் பேரனுக்குப் போக வேண்டும். இங்கே ஆண் வாரிசே இல்லாமல் பெயர் இரண்டு தலைமுறை காத்துக் கிடந்தது. இப்போது பிள்ளை வந்தும் பெயர் வராது என்கிறார் மாமா. ஏன் என்று கேட்டேன். அது திருட்டுப் போலீசின் பெயர், பிள்ளைக்கு ஆகாது என்றாராம். வேறு எந்தப் பெயர் வேண்டுமானாலும் வையுங்கள் என்றாராம். ஞாயிற்றுக்கிழமை மாதா கோவிலில் சாமியார் பிள்ளையின் பெயரைக் கேட்பார், அதற்குள் நீங்கள்தான் பேசி முடிக்க வேண்டும் என்று மேரி பிள்ளையை என் மடியில் போட்டாள். பிள்ளை என் சட்டையைப் பிடித்துக்கொண்டான். நான் வசமாக மாட்டிக்கொண்டேன்.

மறுநாள் வெள்ளிக்கிழமை, ஆற்றங்கரையைக் காட்டுகிறேன் வா என்று மாமாவே கூப்பிட்டார். முழங்கால் வலி, நடக்க முடியாது, ஆகவே சைக்கா. சைக்கிளோடு பக்கவாட்டில் இரண்டு சின்ன இருக்கைகளை ஒட்டவைத்த வண்டி. ஒருவர் முன்பக்கம் பார்க்கலாம், இன்னொருவர் பின்பக்கம். இரண்டு பேரின் முதுகும் ஒட்டிக்கொள்ளும். மாமா முன்னால், நான் பின்னால். மாமா பேசியதெல்லாம் எனக்கு முதுகு வழியாகத்தான் வந்தது, நான் பார்த்துக்கொண்டு வந்ததோ எங்களுக்குப் பின்னால் ஹாரன் அடித்த பஸ் டிரைவரின் முகத்தை. அவரும் நானும் போட்டாதாங் வரைக்கும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டே போனோம். கடைசியில் அவர் சிரித்துவிட்டார்.

போட்டாதாங் துறையில் மூட்டை சுமப்பவர்கள், தூக்குச்சட்டியோடு படகுக்கு ஓடுபவர்கள், வரிசையாகச் சரக்குக் கிடங்குகள். ஆறு காபி நிறம். எங்கள் ஊர்க் கடலைப் பார்த்த கண்ணுக்கு அது தண்ணீராகவே தெரியவில்லை. ஒரு டீக்கடையில் உட்கார்ந்தோம். மாமா உதட்டைக் குவித்து முத்தம் கொடுக்கிற மாதிரி இரண்டு சத்தம் போட்டார். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. பரிமாறுகிறவரைக் கூப்பிட அங்கே அதுதான் முறையாம். நம் ஊரில் இதைச் செய்தால் முதலில் அடி, பிறகுதான் டீ. எனக்குச் சுண்டக் காய்ச்சிய டீயும் மொஹிங்காவும் வந்தன. மீன் குழம்பில் அரிசிச் சேமியாவைப் போட்டு வாழைத்தண்டும் சேர்த்த சாப்பாடு அது. காலையில் சுடச்சுடக் குடித்தால் உடம்புக்குள் விளக்கேற்றின மாதிரி இருக்கிறது.

சாப்பிட்டுக்கொண்டே மாமா அவருடைய அப்பாவின் உத்தியோகத்தைச் சொன்னார். கஸ்பார் முதலில் கப்பலில் கூலிக்காரராக வந்தவர். ஆள் வாட்டசாட்டம், நீச்சலில் மீன், ஆகவே ஆற்றுப் போலீசில் கான்ஸ்டபிளாக எடுத்துக்கொண்டார்கள். காக்கி அரை டிராயர், இடுப்பில் ஊதல். ஒரு லாஞ்சில் நாலைந்து பேர். லாஞ்சை ஓட்டுகிறவர் சேராங், சிட்டகாங்காரர். இஞ்சினுக்கு ஓர் ஆள், கயிறு பார்க்க ஒரு பர்மாக்காரர். கான்ஸ்டபிள்களின் வேலை சோதனை போடுவது. நங்கூரம் போட்ட கப்பல்களைச் சுற்றிச் சாம்பான் என்கிற சின்னத் துடுப்புப் படகுகள் ஈ மாதிரி மொய்க்கும். அதில் எது காய்கறி விற்கிறது, எது அபினி இறக்குகிறது என்று பார்க்க வேண்டும். துடுப்பைக் குடைந்து அபினி வைப்பார்கள், மீன் வயிற்றில் வைத்துத் தைப்பார்கள். கஸ்பாருக்கு நில் என்பதை மட்டும் நாலு பாஷையில் சொல்ல வருமாம். மழைக்காலம் வந்தால் பிணம் மிதக்கும். கப்பலுக்கும் துறைக்கும் நடுவில் குடித்துவிட்டு விழுந்த மாலுமிகள். அதையும் இவர்கள்தான் எடுக்க வேண்டும். எடுத்துவிட்டு வந்த நாளில் வீட்டுக்குள் வராமல் வெளியிலேயே குளித்துவிட்டு, அன்றைக்குக் கையால் சாப்பிடாமல் கரண்டியால் சாப்பிடுவாராம்.

கரண்டி என்றதும் எனக்குச் சிலிர்த்துவிட்டது. நானும் அப்படித்தான். என் சர்வீசிலும் மஞ்சள் மூட்டை, பீடி இலை, கடல் அட்டை என்று கடத்தல் சரக்கைத் துரத்தியதைவிடப் பிணம் எடுத்த நாட்கள்தான் நினைவில் நிற்கின்றன. யாரும் சொல்லிக் கொடுக்காமல் நானும் அன்றைக்குக் கரண்டியைத்தான் எடுப்பேன். நான் பார்த்தே இராத அந்த மனிதர்மேல் எனக்கு அங்கேயே பிரியம் வந்துவிட்டது. அவரா திருட்டுப் போலீஸ் என்று கேட்டேன்.

மாமா அதையும் சொன்னார். கஸ்பார் வேலையில் சேர்ந்த முதல் மழைக்காலம். மாமா அப்போது தாயின் வயிற்றில். ஒரு நாள் சேராங்குக்குக் காய்ச்சல், வரவில்லை. கயிறு பார்க்கிறவர் வேறு வேலையாக இறங்கிப் போனார். வழக்கமாக லாஞ்சை நிறுத்துவது மிதவைத் துறையில். அன்றைக்கு அங்கே இடமில்லாததால் ஒரு கிடங்கின் கல் படிக்கட்டில் ஒதுக்கினார்கள். கஸ்பார்தான் கட்டினார். சாப்பிட்டுவிட்டு வந்து பார்த்தால் லாஞ்சு மூக்கை வானத்தில் தூக்கிக்கொண்டு கயிற்றில் தொங்குகிறது, வால் தண்ணீருக்குள். இழுத்து நிமிர்த்துவதற்குள் கயிறு அறுந்து முழுசாக உள்ளே போய்விட்டது. அந்த நேரம் பார்த்து அந்தப் பக்கமாக ஒரு பெரிய அபினிச் சரக்கு கடந்து போயிருக்கிறது. லாஞ்சு இருந்திருந்தால் பிடித்திருப்பார்கள்.

விசாரணை செய்த இங்கிலீஷ் துரை ஒரே கேள்விதான் கேட்டாராம்: உனக்குப் படகைக் கட்டத் தெரியுமா, தெரியாதா? கஸ்பார் நிமிர்ந்து நின்று தெரியும் என்றார். அவ்வளவுதான். தெரிந்தவன் அப்படிக் கட்டினான் என்றால் வேண்டுமென்றே கட்டியிருக்கிறான், அபினிக்காரனிடம் கை நீட்டியிருக்கிறான். வேலை போயிற்று. பிறகு சாகும்வரை ஒரு கிடங்கில் காவல்காரர்.

"இந்த ஆத்துல பொறந்த பிள்ளைகூட அப்படிக் கட்டாது மருமவனே," என்றார் மாமா. "ஒருநாள் நானே நேருக்கு நேரே கேட்டேன். காசு வாங்குனியான்னு. என்ன வேணாலும் நெனச்சுக்கன்னு சொல்லிட்டு எந்திரிச்சுப் போயிட்டாரு. வாங்கலைன்னு ஒரு வார்த்தை சொல்லலையே."

அதற்குப் பிறகு அப்பாவிடம் முகம் கொடுத்துப் பேசவே இல்லை என்றார். லாஞ்சுத் திருடன் மகன் என்று துறையில் கூப்பிட்ட பெயர் அவர் கல்யாணம் வரைக்கும் துரத்தியிருக்கிறது. பிள்ளைக்கு அந்தப் பெயர் வேண்டாம் என்பதற்கு இவ்வளவு இருக்கிறது. நான் என்னத்தைப் பேசி முடிக்க? மொஹிங்காவை முடித்தேன்.

சனிக்கிழமை கோ வின்னும் நானும் ஆற்றுக்கு அப்பால் இருக்கும் கியாக்தான் என்ற ஊருக்குப் போனோம். மறுநாள் விருந்துக்கு நல்ல ஆற்று இறால் வேண்டும். அங்கே அவருக்கு கோ டுன் என்று ஒரு மீன்பிடிச் சிநேகிதர். பஸ்ஸில் எனக்கு ஜன்னலோரம் கொடுத்தார்கள். பக்கத்துச் சீட்டு அம்மாள் கன்னத்தில் தனக்கா மரக்குழம்பு பூசியிருந்தார். என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, பையிலிருந்து கொய்யாப்பழம் எடுத்து மிளகாய் உப்போடு நீட்டினார். பேச்சே இல்லாமல் பாலம் தாண்டும்வரை தின்றுகொண்டே போனோம்.

கியாக்தானில் ஆற்றின் நடுவே ஒரு தீவுப் பகோடா. அதைச் சுற்றிக்கொண்டு கோ டுன்னின் படகு ஒரு கிளை ஆற்றில் போயிற்று. நீளத் தண்டின் நுனியில் விசிறி சுழலும் நீளவால் இஞ்சின் வைத்த மரப்படகு. தண்ணீர் கரை தொட்டு நிறைந்து கிடந்தது. எனக்கு ஒரே உற்சாகம். ரிட்டையரான பிறகு படகில் கால் வைத்தது அன்றைக்குத்தான். என் கதைகளையெல்லாம் கோ வின்னிடம் அளந்துகொண்டு வந்தேன். அவர் பாவம், அதைக் கோ டுன்னுக்கு மொழிபெயர்த்துக்கொண்டு வந்தார்.

இறால் விற்கும் வீட்டின் மரப் படிக்கட்டில் படகு அணைந்தது. கோ டுன் கூடையோடு குதித்து மேலே ஓடினார். கோ வின் கயிற்றை எடுத்தார். நான் விடவில்லை. கொடும் இங்கே, இது எங்க வேலை என்று வாங்கினேன். கயிறு கைக்கு வந்ததும் எனக்குக் கொம்பு முளைத்துவிட்டது. படகு அசையக்கூடாது, அசைந்தால் உரசும், உரசினால் பலகை போகும்: சின்ன வயதில் எங்கள் துறையில் பார்த்துப் பழகியது அதுதான். தூணோடு ஒட்டி, இறுக்கி, ஒரு விரல் நுழையாமல் கட்டினேன். முடிச்சைத் தட்டிக்கூடப் பார்த்தேன்.

அந்த வீட்டில் எங்களை விடவில்லை. சோறு, இறால் குழம்பு, புளிச்சகீரைக் கடைசல். நம் வீட்டுப் புளிச்சகீரையேதான். மீன் விழுது ஒன்று வைத்தார்கள். வாசனை எங்கள் கருவாட்டுப் பேட்டையையே தோற்கடித்துவிடும். தொட்டுத் தின்றால் விட முடியவில்லை. தின்ற களைப்பில் பாயில் சாய்ந்தேன். கோ வின் வந்து எழுப்பும்போது வெயில் சாய்ந்திருந்தது. அவர் முகம் சரியில்லை.

கீழே போய்ப் பார்த்தேன். ஆறு இரண்டு ஆள் ஆழம் இறங்கிப் போயிருந்தது. நான் சாப்பிடப் போகும்போது காலடியில் இருந்த தண்ணீர் எங்கேயோ கீழே, சேற்றுக்கு நடுவே கிடந்தது. என் முடிச்சு மட்டும் போட்ட இடத்திலேயே கல் மாதிரி நின்றது. படகு மூக்கால் அதில் தொங்கியது, வாலும் இஞ்சினும் தண்ணீருக்குள்.

எங்கள் ஊர்க் கடல் முழங்கால் அளவு ஏறும், முழங்கால் அளவு இறங்கும். படகை ஒட்டிக் கட்டினாலும் ஒன்றும் ஆகாது. கடலின் ஏற்றமும் வற்றமும் இந்த ஆற்றுக்குள்ளும் வருகின்றன, வற்றத்தில் இது வீட்டு உயரம் இறங்குகிறது. மிதவைத் துறை என்றால் தண்ணீரோடு சேர்ந்து இறங்கிவிடும், அசையாத தூணில் கட்டினால் கயிற்றை நீளமாக விட வேண்டும், இல்லையென்றால் தண்ணீர் போகும், படகு மாட்டிக்கொள்ளும். பஸ்ஸில் கொய்யா கொடுத்த அம்மாளுக்குக்கூட இது தெரிந்திருக்கும்.

கோ டுன் ஏதோ மெல்லக் கேட்டார். கோபமே இல்லை. கோ வின் தயங்கித் தயங்கி மொழிபெயர்த்தார்: ஊலேவுக்குப் படகைக் கட்டத் தெரியுமா என்று கேட்கிறார்.

"தெரியும்," என்றேன்.

வாய் தமிழிலேயே முந்திக்கொண்டது. சொன்னதோடு நிற்கவில்லை. யாரோ கயிற்றை இழுத்து மாற்றிக் கட்டியிருக்கிறார்கள் என்று இங்கிலீஷில் சேர்த்தேன். அங்கே காக்கை குருவிகூட இல்லை. பொய் சொல்லி முடித்த பிறகுதான் என் காது அந்தத் தெரியும் என்ற வார்த்தையைக் கேட்டது. மூக்கைத் தூக்கிக்கொண்டு தொங்கும் படகு, கேள்வி கேட்கும் ஆள், பதில் சொல்லும் தூத்துக்குடிக்காரன். எல்லாம் அப்படியே.

சேற்றில் இறங்கிப் படகைத் தாங்கிப் பிடித்து, கயிற்றைத் தளர்த்தி, தண்ணீரை இறைத்தோம். கோ டுன் இஞ்சினைக் கழற்றித் துடைத்துக் காயவைத்தார். நல்ல வேளை, உயிர் வந்தது. படகில் இருந்த டீசல் கேனும் அவருடைய சட்டையும் ஆற்றோடு போயின. இறாலை இன்னும் ஏற்றாதது எங்கள் அதிர்ஷ்டம். என் தொப்பியையும் மழைக்கோட்டையும் அவருக்குக் கொடுத்தேன். அவர் வெட்கத்தோடு வாங்கிக்கொண்டார்.

திரும்பி வரும்போது கோ வின் மெல்ல ஆரம்பித்தார். வீட்டில் சொல்ல வேண்டாம் ஊலே, இஞ்சின் பழசு, தானாகவே தண்ணீர் ஏறியது என்று சொல்லிக்கொள்ளலாம், கோ டுன்னும் அப்படித்தான் சொல்வார் என்றார். பர்மாவில் இதற்கு அனாடே என்று ஒரு சொல் வைத்திருக்கிறார்கள். எதிராளி கூசிப்போகக்கூடாதே என்று நாம் கூசுவது. என் முகத்தைக் காப்பாற்ற இரண்டு பேர் பொய் சொல்லத் தயாராக இருந்தார்கள். அன்றைக்கும் லாஞ்சில் கயிறு பார்த்த பர்மாக்காரருக்கு விஷயம் புரிந்திருக்கும், துரை முன்னால் கஸ்பாரை அவமானப்படுத்த வேண்டாமென்று வாயை மூடிக்கொண்டிருப்பார் என்று எனக்குத் தோன்றியது.

பஸ் முழுக்க எனக்குள் ரகளை. சொன்னால் மானம் போகும். நாலு மாடிக்கும் அக்கம்பக்கத்துக்கும் மாமா என்னைப் பற்றி அடித்துவிட்ட பெருமை என்ன ஆகும்? கடல் போலீசாம், கயிறு கட்டத் தெரியாதாம். சொல்லாவிட்டால் கோ வின் சொன்ன பொய் அழகாக ஒட்டிக்கொள்ளும், நான் மரியாதையாக விமானம் ஏறலாம். பாலத்தைத் தாண்டும்வரை சொல்லாமல் இருந்துவிடலாம் என்றுதான் இருந்தேன். ஆனால் இந்த ஆற்றையும் அந்தக் கடலையும் சேர்த்துப் பார்த்தவன் அந்தக் குடும்பத்தில் நான் ஒருவன்தான். மாமா தூத்துக்குடியைப் பார்த்ததே இல்லை. அவருக்கு வேறு யார் சொல்வார்கள்?

விளக்கு வைக்கிற நேரம். மாமா பால்கனியில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். மேரி பிள்ளைக்குப் பால் கொடுத்துக்கொண்டு உள்ளே இருந்தாள். நான் தரையில் உட்கார்ந்தேன்.

"மாமா, இன்னைக்கு ஒரு படகைக் கவுத்துட்டேன்."

அவர் சிரித்தார், விளையாட்டு என்று. நான் விளக்கிச் சொன்னேன். மரப்படியில் கட்டினேன், ஒட்டக் கட்டினேன், மூக்கால் தொங்கியது என்று. சிரிப்பு நின்றது.

"ஏன்ல அப்படிக் கட்டுன?"

"நம்ம ஊர்ல அப்படித்தான் கட்டுவோம் மாமா."

"தண்ணி எறங்குமே?"

"நம்ம ஊர்ல எறங்காது. முழங்காலளவு ஏறும், முழங்காலளவு எறங்கும். அவ்வளவுதான் கடலு."

மாமா குனிந்து தன் முழங்காலைத் தொட்டுப் பார்த்தார். இங்கிருந்து இங்கேயா என்று கையால் காட்டிக் கேட்டார். ஆமாம் என்றேன். இறங்காத தண்ணீர் என்று ஒன்று உலகத்தில் இருக்கும் என்றே அவர் இத்தனை வருடம் நினைத்ததில்லை.

"அந்தப் படகுக்காரன் உன்கிட்ட என்ன கேட்டான்?"

"படகைக் கட்டத் தெரியுமான்னு கேட்டான்."

"நீ என்ன சொன்ன?"

"தெரியும்னு சொன்னேன்."

மாமா என் பக்கம் முழுசாகத் திரும்பிவிட்டார். ஏன் அப்படிச் சொன்னாய் என்று கேட்டார்.

"வெக்கமா இருந்துச்சு மாமா. கடக்கரையில பொறந்துட்டு, இந்த உடுப்பையும் போட்டுட்டு, கயிறு கட்டத் தெரியாதுன்னு எப்படிச் சொல்ல?"

"வேலை போகும்னா? திருடன்னு சொல்லுவாங்கன்னா? அப்பவும் தெரியும்னுதான் சொல்லியிருப்பியா?"

இல்லை என்று சொல்லத்தான் நினைத்தேன். ஆனால் அந்த மரப்படியில் நின்ற நிமிஷம் என்ன கொடுத்தாலும் தெரியாது என்று என் வாயில் வந்திருக்காது. திருடன் என்று சொன்னால் ஊரில் பாதிப் பேராவது பயப்படுவார்கள். கட்டத் தெரியாதவன் என்றால் சின்னப்பிள்ளைகூடச் சிரிக்கும்.

"சொல்லியிருப்பேன் மாமா," என்றேன்.

மாமா சிரிக்க ஆரம்பித்தார். முதலில் சத்தமே இல்லை, தோள் மட்டும் குலுங்கியது. பிறகு நாற்காலியே ஆடியது. மேரி பயந்துபோய் ஓடி வந்தாள்.

"கோட்டிப்பய," என்றார். "எங்கப்பன் ஒரு கோட்டிப்பய மேரி. திருடன் இல்ல."

எங்கள் ஊரில் கோட்டி என்றால் பைத்தியம், முட்டாள். அதை அவ்வளவு சந்தோஷமாக ஒருவர் தன் அப்பாவைப் பார்த்துச் சொல்லி நான் கேட்டதில்லை. சொல்லிக்கொண்டிருக்கும்போதே அழுகை வந்துவிட்டது. முகம் கொடுத்துப் பேசலையே, சாகக் கிடக்கும்போதுகூடப் பேசலையே என்று சின்னப்பிள்ளை மாதிரி அழுதார். நானும் அழுதேன், மறைக்கவில்லை. மேரி பிள்ளையைத் தாத்தாவின் மடியில் கொடுத்துவிட்டுப் பக்கத்தில் நின்றாள். கோ வின்னுக்கு என்ன நடந்தது என்று அவள் பர்மியத்தில் சொல்லச் சொல்ல அவர் என்னைப் பார்த்துக் கையெடுத்துக் கும்பிட்டார். அப்போதுதான் எனக்கு உண்மையிலேயே கூச்சமாக இருந்தது.

ஞாயிறு காலை கோவிலில் பூசை பர்மியத்தில். நான் பிள்ளையைக் கையில் வைத்துக்கொண்டு ஞானஸ்நானத் தொட்டியின் முன்னால் நின்றேன். சாமியார் பிள்ளையின் பெயரைக் கேட்டார். மேரி வாய் திறப்பதற்குள் பின்னால் இருந்து மாமா சொன்னார். சாமியாருக்குக் காது கொஞ்சம் மந்தம், மறுபடி கேட்டார். கஸ்பார் என்று மாமா போட்ட சத்தத்தில் பிள்ளை வீரிட்டு அழுதான். தண்ணீர் தலையில் பட்டதும் அழுகை நின்றது.

விருந்து வீட்டு மொட்டை மாடியில். காஜா பாயின் பிரியாணி, கியாக்தான் இறால், யாரோ கொண்டுவந்த முறுக்கு. கோ டுன்னும் என் தொப்பியைப் போட்டுக்கொண்டு வந்திருந்தார். முழங்கால் வலியெல்லாம் எங்கே போயிற்றோ, மாமா என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு மேசை மேசையாக இழுத்துப் போனார். தமிழ் தெரிந்தவர்களிடம் தமிழில், தெரியாதவர்களிடம் பர்மியத்தில், நடு நடுவே தன் முழங்காலைத் தொட்டுக் கடலைக் காட்டி, லாஞ்சின் கதையை முதலிலிருந்து சொன்னார். ஒவ்வொரு மேசையிலும் முடிவு ஒன்றுதான்.

"இவரு என் தங்கச்சி மவன். மரைன் போலீசு. படகைக் கட்டத் தெரியாது. எங்கப்பா மாதிரியே."

எல்லோரும் என்னைப் பார்ப்பார்கள். நான் நிமிர்ந்து நின்று, ஆமாம், தெரியாது என்று மேசைக்கு மேசை சொன்னேன்.